ஒதறல் ஊரில் ஒரு ஜன்னலோர இருக்கை

பொன்னேரி தாண்டியதும் கண்ணில் பட்ட காலி இருக்கையில் உட்காரப் போனேன். அதன்மேல் ஒரு கைக்குட்டை கிடந்தது. அதை ஓரமாகத் தள்ளக் கை நீட்டியதுதான் தாமதம், ரயில் பெட்டியே என்னை முறைத்தது. எதிரில் இருந்த பூக்காரம்மா என் கையைத் தட்டியே விட்டார். ஈப்போவிலிருந்து வருகிறேன், முட்டி வலிக்கிறது, நிற்க முடியவில்லை என்று மூக்கால் அழுதேன். அவர் எழுந்து தன் இடத்தை எனக்குக் கொடுத்துவிட்டுக் கதவோரம் போய் நின்றுகொண்டார். கைக்குட்டை கிடந்த இடத்தில் கடைசிவரை யாரும் உட்காரவில்லை.

எங்கள் மலேசியாவில் பேருந்து இருக்கையில் கைக்குட்டை கிடந்தால் யாரோ மறந்துவிட்டுப் போனார் என்று அர்த்தம். தமிழ்நாட்டில் துண்டு போட்டு இடம் பிடிப்பார்கள் என்பதும் எனக்குத் தெரியும். ஆனால் கும்மிடிப்பூண்டிப் பக்கம் அது சும்மா இடம் பிடிக்கிற வேலை இல்லை, உயிர் விஷயம். காரணம் ஒதறல்.

ஒதறலைத் தொலைக்காட்சியில் பார்த்திருக்கிறேன். பூமிக்கடியிலிருந்து பொங்கும் ஒரு சக்தி என்று விஞ்ஞானிகள் சொல்கிறார்கள், வாயில் நுழையாத பெயர் ஒன்றும் வைத்திருக்கிறார்கள். உலகத்தில் அது பொங்கும் சில இடங்களில் திருவள்ளூர் மாவட்டத்தின் இந்த வடக்கு மூலையும் ஒன்று. ஊர்க்காரர்கள் சொல்வது சுலபமாகப் புரியும். படுக்கை விரிப்பை உதறுகிற மாதிரி அது ஊரை உதறும். மேலே இருந்ததெல்லாம் இடம் மாறி விழும், சில சமயம் வேறு உலகத்திலேயே போய் விழும். விழுந்த மனிதர் திரும்பி வர ஒரே வழிதான் உண்டு. அவர் தன் பொருளைப் போட்டுவிட்டுப் போன இடம் ஒன்று அவருக்காகக் காலியாக இருக்க வேண்டும்.

என் தங்கை ரோசியின் கணவர் சேவியர் மழைக்காலத்துக்கு முன்னால் அப்படிப் போனவர். கம்பி உருட்டும் ஆலையில் வேலை. ஈப்போவுக்கு ஒப்பந்த வேலைக்கு வந்தபோது ரோசியைப் பார்த்து, கட்டி, ஆரம்பாக்கத்துக்குக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டார். அந்தக் கோபம் எனக்கு இன்னும் தீரவில்லை. மழை போய்ப் பனியும் போய் வெயில் வந்துவிட்டது, ஆளைக் காணோம். இனி வரமாட்டார் என்று முடிவு கட்டி, தங்கையை என்னோடு அழைத்துப் போகத்தான் நான் புறப்பட்டு வந்தேன்.

ஆரம்பாக்கத்தில் இறங்கியதும் ரோசி கட்டிப்பிடித்துக்கொண்டாள். பள்ளிக்கூடத்தில் தமிழ்ப் பேச்சுப் போட்டியில் பரிசு வாங்கியவள், இப்போது முழுக்க முழுக்க இந்த ஊர்க்காரியாகப் பேசுகிறாள். "வாக்கா, ஊட்டுக்குப் போலாம். நாஷ்டா துன்னியா இன்னா?" என்றாள். எங்கள் பக்கம் பசியாறியாச்சா என்று கேட்போம். நான் சிரித்துவிட்டேன். அப்புறம் அவள் எப்படி இளைத்துப் போயிருக்கிறாள் என்பதைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்திக்கொண்டேன்.

இட்லிக்கு வடகறி ஊற்றிக் கொடுத்தாள். ஈப்போவில் எந்தக் கடையிலும் கிடைக்காத ருசி. சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே வெளியே சத்தம் கேட்டது. போய்ப் பார்த்தால் நெல் வயலுக்கு நடுவே கடல். அகலமில்லை, ஒரு குளம் அளவுக்குத்தான், ஆனால் அலை அடித்துக்கொண்டிருந்தது. காட்டுப்பள்ளிக் கடலின் ஒரு துண்டு வந்து விழுந்திருக்கிறது என்றாள் ரோசி. வயல்காரர் உப்பு ஏறிப்போச்சே என்று தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். மற்றவர்கள் வாளியோடு இறங்கி நண்டு பிடித்துக்கொண்டிருந்தார்கள். கொஞ்ச நேரத்தில் கடல் போய்விட்டது, நண்டு மட்டும் மிச்சம். மதியம் அதையே குழம்பு வைத்தாள். எனக்கு வாயில் வைக்கப் பயமாக இருந்தது, வைத்த பிறகு பயம் போய்விட்டது.

ஊருக்கு வந்துவிடு என்று அன்று சாயங்காலமே ரோசியிடம் ஆரம்பித்தேன். மறுநாள் தன்னோடு வேலைக்கு வரும்படி மட்டும் அவள் சொன்னாள். அவளும் அதே ஆலையின் கேன்டீனில்தான் சமைக்கிறாள். ஒதறலில் போனவரின் வீட்டார் யாரும் கம்பெனிப் பேருந்தில் ஏறலாம் என்பது அங்கே எழுதி வைக்காத விதி.

மறுநாள் காலையில் அந்தப் பேருந்தைப் பார்த்ததும் ஈப்போவில் இதைக் கோழி ஏற்றக்கூட அனுமதிக்க மாட்டார்களே என்று நினைத்தேன். அதன் டிரைவரை எல்லாரும் நைனா என்றுதான் கூப்பிடுகிறார்கள். ஆந்திர எல்லை பக்கத்தில் இருப்பதால் வந்த மரியாதை. ஆள் நிறைய பேர் நின்றுகொண்டிருந்தார்கள். நடுவில் ஜன்னலோரம் ஓர் இருக்கை மட்டும் ஆளில்லாமல் இருந்தது.

காலி என்று சொல்லிவிட முடியாது. அதில் சேவியரின் புகைப்படம் சட்டம் போட்டு நிறுத்தியிருந்தது, படத்துக்குச் செவ்வந்தி மாலை. பக்கத்தில் மாதா படம், ஜெபமாலை, குங்குமம் தடவிய எலுமிச்சம்பழம், அம்மன் கோயில் மஞ்சள் துணி, உருகிப் பாதியான மெழுகுவர்த்திகள், ஒரு தண்ணீர்ப் பாட்டில். எல்லாவற்றுக்கும் அடியில், சேவியர் போட்டுவிட்டுப் போன நீலக் கட்டத் துண்டின் ஒரு முனை மட்டும் தெரிந்தது. ரோசி பையிலிருந்து மல்லிகைச் சரத்தை எடுத்து, நேற்றைய சரத்தை மாற்றி வைத்தாள். பேருந்தில் இருந்தவர்கள் கையெடுத்துக் கும்பிட்டார்கள். சாதி மதம் பார்க்காமல் ஆளுக்கொன்று கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள் என்று புரிந்தது.

படத்துக்கு மாலை போட்டால் என்ன அர்த்தம் என்று ஈப்போவிலும் எல்லாருக்கும் தெரியும். இவர்களும் அவர் செத்துவிட்டார் என்றுதான் நம்புகிறார்கள் என்று எனக்கு உள்ளுக்குள் ஒரு நிம்மதிகூட வந்தது. தங்கையை அழைத்துப் போவது சுலபமாகிவிடும். நினைத்தபோதே என்மேல் எனக்கு அருவருப்பாகவும் இருந்தது.

வேலை முடிந்து திரும்பும்போது பேருந்து ஆலையின் கேட்டைத் தாண்டி இடப்பக்கம் திரும்பியது. நாக்கு நுனியில் இரும்பு ருசி. கையில் மயிர் குத்திட்டு நின்றது. சாலையோர மரத்துக்கு இரண்டு பக்கமும் நிழல் விழுந்தது. அடுத்த நிமிடம் நாங்கள் ஏதோ ஒரு கடைத்தெருவில் நின்றுகொண்டிருந்தோம். நைனா வண்டியை ஓரம் கட்டி, கடைப் பலகைகளைப் படித்துவிட்டுப் பொதட்டூர்பேட்டை என்று அறிவித்தார். மாவட்டத்தின் இன்னொரு கோடி. யாரும் பதறவில்லை. திரும்ப உதறும் வரை காத்திருக்க வேண்டியதுதானாம். பின்னால் இரண்டு ஒடிசாக்காரர்கள் இந்தியில் பேசிச் சிரித்தார்கள். என்னவென்று ரோசியிடம் கேட்டேன். "இந்த ஊரில் தூங்கும் முன்னால் வீட்டிடம் நாளைய முகவரியைக் கேட்டுக்கொண்டுதான் தூங்க வேண்டும்" என்கிறார்களாம்.

எல்லாரும் தங்கள் துண்டையும் சாப்பாட்டுப் பையையும் இருக்கையில் போட்டுவிட்டு டீ குடிக்க இறங்கினார்கள். நானும் எனக்கு ஒருவர் விட்டுக்கொடுத்த இடத்தில் கைக்குட்டையை விரித்துவிட்டு இறங்கினேன். டீ நன்றாகத்தான் இருந்தது, ஆனால் நுரை பொங்க ஆற்றித் தரும் எங்கள் ஊர் தே தாரேவுக்கு உறை போடக் காணாது. மசால் வடையை வாயில் வைக்கும்போது மறுபடியும் இரும்பு ருசி. கடையும் தெருவும் பேருந்தும் காணாமல் போயின.

வெட்டவெளி. பனைமரமும் உப்பங்காற்றும் மட்டும். எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. கத்தினேன், என் குரல் எனக்கே கேட்கவில்லை. பிறகு திடீரென்று பேருந்துக்குள் நின்றுகொண்டிருந்தேன். என் இருக்கைக்குப் பக்கத்தில், நடைவழியில். பேருந்து ஆரம்பாக்கம் சாலையில் ஓடிக்கொண்டிருந்தது. ரோசி என் முகத்துக்கு நேரே பார்த்துக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள், ஆனால் என்னைப் பார்க்கவில்லை. கூப்பிட்டேன், கேட்கவில்லை. என்ன செய்வதென்று தெரியாமல் கைக்குட்டையை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். உட்கார்ந்த பிறகுதான் அவள் அலறிக்கொண்டு என் கையைப் பிடித்தாள்.

இப்படித்தான் வருவார்களாம். வந்து நின்று, தன் இடத்தைப் பார்த்து, உட்கார்ந்தால்தான் உடம்பு இந்தப் பக்கம் சேரும். பேருந்தில் பாதிப் பேர் ஒருமுறையாவது அப்படி வந்தவர்கள், அதனால் யாரும் அதைப் பெரிதாகப் பேசவில்லை. அன்றைக்கே வராவிட்டால் அடுத்த ஒதறலில் வந்துவிடுவார்களாம். சேவியரைப் போல மாதக்கணக்கில் போனவர் யாருமில்லை.

இறங்கும்போது நைனா ரோசியைத் தனியாக அழைத்துச் சொன்ன செய்தி அதைவிட மோசம். பழைய பேருந்தை உடைப்புக்குக் கொடுக்கப் போகிறார்கள், நாளைக்குச் சாயங்காலம்தான் கடைசி ஓட்டம். அவர் கெஞ்சிப் பார்த்துவிட்டார். வேண்டுமானால் அந்த இருக்கையைக் கழற்றி வீட்டுக்குக் கொண்டுபோகச் சொன்னார்களாம். கழற்றினால் அது வெறும் ரெக்சின், சேவியர் பிடித்த இடம் இல்லை.

வீட்டில் எங்களுக்குச் சண்டை வந்தது. அந்த ஆள் போய்விட்டார், மாலையே போட்டுவிட்டீர்கள், இன்னும் எதற்கு இங்கே உட்கார்ந்திருக்கிறாய் என்று நான் கத்தினேன். ரோசி அடுப்பை அணைத்துவிட்டுத் திரும்பினாள்.

"மாலை நான் போடல. படம் யாரோ வெச்சாங்க, மாலை யாரோ போட்டாங்க. வேணாம்னு சொல்ல முடியுமா? அவங்கதான் நின்னுக்கினு வராங்க, அவரு எடத்த உடாம. மொத நாளு பூ மட்டும்தான் நான் வெச்சேன்."

நாளைக்குப் பேருந்து போய்விட்டால் என்ன செய்வாய் என்று கேட்டேன். அவள் முகத்தைப் பார்த்தபோது நான் எதற்கு வந்தேன் என்பதே மறந்துபோய், அந்த மனிதர் எப்படியாவது வந்துவிட வேண்டும் என்று வேண்டிக்கொண்டேன். நான் வேண்டிக்கொள்வது அபூர்வம்.

கடைசி நாள் முழுவதும் கேன்டீனில் உட்கார்ந்து வெங்காயம் உரித்தேன். ஒதறல் வருகிறதா என்று நிமிடத்துக்கொரு தரம் ஜன்னலைப் பார்த்தோம். மற்ற நாள்களில் அதைச் சபிக்கிறவர்கள் அன்றைக்கு அது வரவேண்டுமே என்று தவித்தார்கள். வரவில்லை. சாயங்காலம் பேருந்து புறப்பட்டது.

நைனா மாட்டுவண்டி வேகத்தில் ஓட்டினார். நேரே நெடுஞ்சாலைக்குப் போகாமல் தொழிற்பேட்டையின் ஒவ்வொரு தெருவாகச் சுற்றினார். வீட்டுக்கு நேரமாகிறது என்று ஒருவர்கூட முணுமுணுக்கவில்லை. எனக்கு இடம் தர எல்லாரும் மறந்துவிட்டார்கள், நானும் கேட்கவில்லை. அந்த ஜன்னலோர இருக்கைக்குப் பக்கத்தில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ரோசி பக்கத்து இருக்கையில். என் முட்டி வெடித்துவிடும்போல வலித்தது. எங்கேயாவது ஒரு முனையில் உட்காரலாமா என்று கண் தன்னால் அந்த இருக்கையை அளந்தது. ஒரு குழந்தை உட்காரக்கூட இடமில்லை.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. நேற்று நான் நின்ற மாதிரி அவரும் வந்து இங்கே நின்றால்?

"ரோசி, மாப்பிள்ளை வந்தா எங்கே உட்காருவாரு?" என்றேன்.

அவள் புரியாமல் பார்த்தாள். நேற்று நடந்ததை மறுபடி சொன்னேன். வந்து நின்றேன், இடம் காலியாக இருந்தது, உட்கார்ந்தேன். இங்கே படமும் பழமும் மெழுகுவர்த்தியும் உட்கார்ந்திருக்கின்றன. எல்லாவற்றையும் எடுங்கள் என்று கொஞ்சம் உரக்கவே சொல்லிவிட்டேன். பேருந்தில் சலசலப்பு எழுந்தது. சாமி படத்தை எடுக்கச் சொல்ல இந்தம்மா யார் என்றது ஒரு குரல். நைனா கண்ணாடியில் என்னைப் பார்த்தார்.

"யம்மா, கை வெக்காதீங்க. துண்டு ஒரு வாட்டி சீட்ட உட்டு எழும்புச்சின்னா எடம் போயிரும். அப்பறம் ஆயுசுக்கும் கெடையாது."

அவர் சொன்னது சரிதான், அதுதான் அங்கே எல்லாருக்கும் தெரிந்த சட்டம். நான் நினைப்பது தப்பாக இருந்தால் என் தங்கையின் கணவரை நானே கொன்றதாகிவிடும். என் வாய் உலர்ந்துவிட்டது. உலர்ந்த வாயில் மெல்ல இரும்பு ருசி வந்தது.

எல்லாருக்கும் வந்திருக்க வேண்டும், பேச்சு நின்றுவிட்டது. வெளியே விளக்குக் கம்பத்துக்கு ஒரு நிழல் கூடுதலாக முளைக்கத் தொடங்கியது. ரோசி எழுந்தாள். முதலில் தன் மல்லிகையை எடுத்து மணிக்கட்டில் சுற்றிக்கொண்டாள். அப்புறம் படத்திலிருந்து மாலையைக் கழற்றி என்னிடம் நீட்டினாள். அதைப் பார்த்ததும் பின்னாலிருந்து ஓர் அம்மாள் வந்து தன் எலுமிச்சம்பழத்தை எடுத்துக்கொண்டார். ஜெபமாலை வைத்தவர் அதை எடுத்துக் கழுத்தில் போட்டுக்கொண்டார். மாதா படம், மஞ்சள் துணி, தண்ணீர்ப் பாட்டில், ஒவ்வொன்றாக அவரவர் கைக்குப் போனது.

சேவியரின் படம் மட்டும் வரவில்லை. உருகிய மெழுகு சட்டத்தையும் துண்டையும் சேர்த்து ஒட்டிவைத்திருந்தது. இழுத்தால் துண்டும் எழும்பும். பேருந்து அதிர ஆரம்பித்தது. ரோசி இரண்டு உள்ளங்கையாலும் துண்டை இருக்கையோடு அழுத்திப் பிடித்தாள். நான் முட்டி போட்டு, நகத்தால் மெழுகைச் சுரண்டினேன். நகம் பிய்ந்தது. துண்டின் ஓரம் ஒரு தரம் கொஞ்சம் தூக்கியது, ரோசி முழங்கையால் அமுக்கினாள். படம் கழன்று என் மடியில் விழுந்தது. ஒதறல் எங்கள்மேல் அடித்தது.

கண்ணைத் திறந்தபோது அதே தெரு, அதே விளக்குக் கம்பம், அதற்கு ஒரே நிழல். இருக்கையில் நீலக் கட்டத் துண்டு தனியாகக் கிடந்தது. யாருமில்லை. ரோசி துண்டிலிருந்து கையை எடுத்துத் தன் வாயைப் பொத்திக்கொண்டாள். நான் அவள் முகத்தைப் பார்க்கத் தைரியமில்லாமல் தரையைப் பார்த்தேன். யாரோ விசும்புவது கேட்டது.

ரெக்சின் கிரீச்சிட்டது. நிமிர்ந்தேன். இருக்கையில் தாடி வளர்ந்து, தோல் கறுத்து, எலும்பும் தோலுமாகச் சேவியர் உட்கார்ந்திருந்தார். துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

நைனா வண்டியை நிறுத்திவிட்டு ஸ்டியரிங்மேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். மற்றவர்கள் மேலே விழுந்து தொட்டுத் தொட்டுப் பார்த்தார்கள். ரோசி மட்டும் தொடவில்லை. யாரோ கொடுத்த தண்ணீரைக் குடித்தபின் சேவியருக்குக் குரல் வந்தது. போன இடத்தில் ஆலை இல்லை, பனைமரமும் கழிமுகமும்தான், மீன் பிடித்துத் தின்று கிடந்தேன் என்றார். ஒதறல் அடிக்கும்போதெல்லாம் பேருந்துக்குள் வந்து நிற்பாராம். இந்த சீட்டுக்கு ஆள் வராங்களா என்று கேட்பாராம், யாரும் பதில் சொன்னதில்லையாம். பிறகு ஒருநாள் தன் படத்துக்கு மாலை தொங்குவதைப் பார்த்தாராம்.

"சரி, செத்துட்டோம் போல கீதுன்னு நெனச்சிக்கினேன். செத்தவன் எப்டி ஒக்கார்றது? நீ எறங்குற வரிக்கும் நின்னுக்கினு வருவேன். அப்பறம் போயிருவேன்."

ரோசி அப்போதுதான் வாய் திறந்தாள். மாலை போடுவதற்கு முன்னால் ஏன் உட்காரவில்லை என்று கேட்டாள். குரல் எனக்கே அரைகுறையாகத்தான் கேட்டது. சேவியர் அவள் கையைப் பார்த்தார்.

"மொத நாளே வந்துட்டேன் ரோசி. வெறும் பூதான் இருந்துச்சி. நீ வெச்ச பூவு, அது மேல எப்டி ஒக்கார்றது? நீ எடுப்பேன்னு பக்கத்துலயே நின்னேன்."

ரோசி கையில் சுற்றியிருந்த மல்லிகைச் சரத்தை உருவி ஜன்னல் வழியாக வெளியே எறிந்தாள்.